சுதேசிக் கப்பல் கம்பெனிப் பங்குதாரர்களின் வழித்தோன்றல்களுக்கு

தூத்துக்குடியிலும், திருநெல்வேலியிலும், மதுரையிலும், கொழும்பிலும், பிழைப்பை நாடிப் பெயர்ந்து சென்ற இன்னும் பல ஊர்களிலும் வாழ்ந்துவரும் அன்பார்ந்த பெரியோர்களே, தாய்மார்களே, இளைஞர்களே!

உங்களில் பெரும்பாலோரை நான் நேரில் அறியேன். உங்கள் பெயர்களையும் விலாசங்களையும் தேடிப் பிடித்துத் தனித்தனியே எழுதுவதற்கும் வழியில்லை. ஆதலால் இதைப் பகிரங்கமாக எழுதுகிறேன். 1906-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் 16-ஆம் தேதி பதிவு செய்யப்பட்ட சுதேசி ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனியில் உங்கள் பாட்டனாரோ பூட்டனாரோ ஒரே ஒரு பங்கேனும் வாங்கியிருப்பாரானால், அல்லது அதன் குமாஸ்தாவாகவோ, ஏஜண்டாகவோ, அதன் கப்பலில் சரக்கேற்றிய வியாபாரியாகவோ இருந்திருப்பாரானால், இந்த மடல் உங்களுக்கே உரியது. ஆண்டுதோறும் செப்டம்பர் 5-ஆம் தேதி வ.உ. சிதம்பரம் பிள்ளையவர்களின் சிலைகளுக்கு மாலை சூட்டுகிறோம், அவர் தனி ஒருவராக நின்று கப்பல் ஓட்டினார் என்று மேடைதோறும் முழங்குகிறோம், அந்த மேடைகளில் ஒன்றிலேனும் உங்கள் குடும்பங்களை அழைத்து, "உங்கள் வீட்டில் இதைப்பற்றி என்ன சொல்லிக்கொண்டார்கள்?" என்று எவரும் கேட்டதில்லை. அந்தக் கேள்வியைக் கேட்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

பிள்ளையவர்களின் பெருமைக்கு இதனால் அணுவளவும் குறைவு வருமென்று தயவுசெய்து எண்ணாதீர்கள். அவர் இல்லையேல் அந்தக் கம்பெனி இல்லை. ஆனால் கம்பெனி என்பது பலருடைய பணமும், பலருடைய நம்பிக்கையும், பலருடைய பயமும் கூடி நடத்திய ஒரு ஸ்தாபனம். அதன் மூலதனம் பத்து லட்சம் ரூபாய். அது பங்கு ஒன்றுக்கு 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது. பாலவநத்தம் ஜமீன்தாரும் மதுரைத் தமிழ்ச்சங்கத்தின் தலைவருமான பாண்டித்துரைத் தேவர் கம்பெனியின் தலைவர். ஹாஜி முகம்மது பக்கீர் சேட் காரியதரிசி. பிள்ளையவர்கள் உதவிக் காரியதரிசி. சேட் அவர்கள் ஒருவரே 8,000 பங்குகளுக்கென இரண்டு லட்சம் ரூபாய் கொடுத்தார். அதாவது உத்தேசித்த மூலதனத்தில் ஐந்தில் ஒரு பங்கை அந்த ஒரு கரமே அளித்தது. சேலம் விஜயராகவாச்சாரியார் போன்றவர்கள் சட்ட ஆலோசகர்களாக இருந்தார்கள். ஜமீன்தாரும், இஸ்லாமிய வணிகரும், வக்கீல்களும், கடைக்காரர்களும், உத்தியோகஸ்தர்களும் ஒரே தஸ்தாவேஜில் அருகருகே கையெழுத்திட்ட அந்தக் காட்சி, ஜாதியும் மதமும் பிரித்துவைத்திருந்த நமது நாட்டில் எத்தனை முறை நிகழ்ந்திருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள். பெரும்புள்ளிகளின் பெயர்கள் எவ்வாறோ சரித்திரத்தில் நின்றுவிட்டன. மாதச் சம்பளத்திலிருந்து ஒரேயடியாக 25 ரூபாயை எடுத்து வைப்பது கனவாயிருந்த காலத்தில், நகையை அடகு வைத்தோ, கடையின் கைமுதலைக் குறைத்தோ ஒற்றைப் பங்கு வாங்கிய மனிதர் யார்? அவர் பெயர் உங்கள் வீட்டுக் காகிதங்களில் மட்டுமே இருக்கக்கூடும்.

அந்தப் பங்குகள் இந்தியருக்கும் இலங்கையருக்கும் மற்ற ஆசிய மக்களுக்கும் மட்டுமே உரியவை என்று விதித்திருந்தார்கள் என்பதும், தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே கப்பல் விடுவதோடு அவர்களுடைய ஆசை நின்றுவிடவில்லை என்பதும் உங்களுக்கு நினைவூட்டத் தக்கவை. கப்பல் நடத்தும் தொழிலையும் கப்பல் கட்டும் தொழிலையும் நமது மாணாக்கர்களுக்குக் கற்பிக்கவேண்டும், அதற்குக் கலாசாலை ஏற்படுத்தவேண்டும், நீராவிக் கப்பல்களையும் லாஞ்சுகளையும் படகுகளையும் கட்டவும் பழுது பார்க்கவும் துறைகள் அமைக்கவேண்டும் என்றெல்லாம் கம்பெனியின் நோக்கங்களாக எழுதிவைத்தார்கள். மரக்கலம் ஓட்டிய மரபு முற்றும் அற்றுப்போகாத ஒரு கரையில், இரும்புக் கப்பலின் வித்தை மட்டும் அந்நியனுக்கே உரியதாயிருப்பது ஏன் என்று அவர்கள் கேட்டார்கள். கம்பெனியை வெறும் அரசியல் ஆவேசம் என்று எண்ணுகிறவர்கள் இந்த நோக்கங்களை ஒருமுறை ஆற அமர வாசிக்கவேண்டும். நெடுங்காலத்தை மனத்திற்கொண்டு, கணக்குப் போட்டுத் தொழிலில் இறங்கிய மனிதர்கள் எழுதிய வாசகங்கள் அவை.

கணக்கு எளிதாயிருக்கவில்லை. தூத்துக்குடி–கொழும்பு மார்க்கம் அப்போது பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனியின் ஏகபோகமாயிருந்தது. ஊரில் அதன் ஏஜண்டுகள் ஏ அண்டு எஃப் ஹார்வி கம்பெனியார். சொந்தக் கப்பல் இல்லாத சுதேசிக் கம்பெனி முதலில் பம்பாயிலிருந்த ஷாலைன் கம்பெனியிடம் கப்பல்களை வாடகைக்கு எடுத்து ஓட்டியது. எதிர்த்தரப்பாரின் நிர்ப்பந்தம் தாங்காமல் ஷாலைன் கம்பெனியார் கப்பல்களைத் திருப்பி அழைத்துக்கொண்டார்கள். கொழும்பில் வேறொரு கப்பலை வாடகைக்குப் பிடித்து மானத்தைக் காத்துக்கொண்ட பிறகுதான், வாடகைக் கப்பலை நம்பி வியாபாரம் செய்ய இயலாது என்ற தீர்மானத்துக்கு எல்லோரும் வந்தார்கள். கப்பலோடு திரும்புவேன், இன்றேல் கடலில் வீழ்ந்து உயிர்விடுவேன் என்று சபதம் செய்து பிள்ளையவர்கள் பம்பாய்க்குப் போனார். 1907-ஆம் ஆண்டு மே மாதத்தில் 'காலியா' தூத்துக்குடித் துறைக்கு வந்தது. அதையடுத்து 'லாவோ'வும் வந்தது. முதல் வகுப்பில் 42 பேரும், இரண்டாம் வகுப்பில் 24 பேரும், சாதாரண வகுப்பில் 1,300 பேரும் பிரயாணம் செய்யவும், 4,000 மூட்டைச் சரக்கு ஏற்றவும் 'காலியா'வில் இடம் இருந்தது. பாரதியார் தமது 'இந்தியா' பத்திரிகையில் ஆனந்தக் களிப்போடு அதைக் கொண்டாடினார்.

இனி, உங்கள் முன்னோர்கள் நின்றிருந்த இடத்தைச் சற்றே கிட்டச் சென்று பார்ப்போம். இன்றைக்கு இருப்பதுபோல் கப்பல் வந்து அணைகிற ஆழமான துறைமுகம் அன்றைக்குத் தூத்துக்குடியில் இல்லை. கரையோரம் ஆழமற்றது, நீராவிக் கப்பல் சில மைல்களுக்கு அப்பால் நங்கூரம் பாய்ச்சி நிற்கும். ரயிலிலிருந்து இறங்கிய பிரயாணி லாஞ்சிலேறிப் போகவேண்டும். மூட்டைகள் தோணிகளில் அடுக்கப்பட்டு, பாய் விரித்துக் கப்பலருகே கொண்டுபோகப்பட்டு, அங்கிருந்து தூக்கி ஏற்றப்படவேண்டும். ஆகவே, கப்பல் வாங்கிவிட்டால் மட்டும் கப்பல் ஓடிவிடாது. தோணிக்காரர் சம்மதிக்கவேண்டும், மூட்டை தூக்குகிறவர் சம்மதிக்கவேண்டும், சுங்கத்தில் சீட்டு எழுதுகிறவர் காலதாமதம் செய்யாதிருக்கவேண்டும், வைத்தியப் பரிசோதனை செய்கிறவர் பிரயாணிகளை வெயிலில் நிறுத்திவைக்காதிருக்கவேண்டும். இவர்களுள் பாதிப்பேர் சர்க்காருக்குக் கட்டுப்பட்டவர்கள். மீதிப்பேர் ஹார்வி கம்பெனியாரைப் பகைத்துக்கொண்டு அந்த ஊரில் நாளைக்கு எப்படிப் பிழைப்பது என்று அஞ்சவேண்டியவர்கள். அத்தகைய துறையிலே, அரிசி மூட்டையையோ மிளகாய் மூட்டையையோ துணிக்கட்டையோ வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்து, "இது சுதேசிக் கப்பலுக்கு" என்று பலர் காதில் விழச் சொன்னாரே ஒரு வியாபாரி, அவர் செய்த காரியத்தின் அருமையை நாம் என்றேனும் எண்ணிப் பார்த்திருக்கிறோமா? மேடையில் பேசுவதற்கு வேண்டிய தைரியம் ஒருவகை. நாளைய கொள்முதலும் கடனும் பெண்ணின் கல்யாணமும் அடங்கிய ஒரு மூட்டையை எதிர்ப்பக்கம் திருப்பிவிடுவதற்கு வேண்டிய தைரியம் மற்றொருவகை. பின்னதைப் பற்றி நமது சரித்திரம் ஏறக்குறைய மௌனமாயிருக்கிறது.

கட்டணப் போட்டியின் கதை எல்லோரும் அறிந்ததே. வெள்ளைக் கம்பெனி கொழும்புக் கட்டணத்தை ஒரு ரூபாயாகக் குறைத்தது. சுதேசிக் கம்பெனி எட்டணாவாகக் குறைத்தது. உடனே அவர்கள் இலவசமாகவே ஏற்றிச் செல்வதாகவும், பிரயாணிக்கு ஒரு குடை சன்மானமாகத் தருவதாகவும் சொன்னார்கள் என்பது பள்ளிக்கூடப் பிள்ளைகளும் சொல்லும் செய்தி. பெரும் மூலதனமும் நூற்றுக்கணக்கில் கப்பல்களைக் கொண்ட வெகு விஸ்தாரமான வியாபாரமும் உடையவனுக்கு ஒரு மார்க்கத்தில் வரும் நஷ்டம் தாங்கக்கூடியது. இரண்டே கப்பல்களை வைத்திருப்பவனுக்கு அதுவே யமன். எட்டணாக் கட்டணத்தில் நிலக்கரிச் செலவுக்காவது காசு தேறியதா? மாலுமிகளுக்கு எந்தப் பணத்திலிருந்து சம்பளம் கொடுத்தார்கள்? பங்குப் பணத்தில் எத்தனை தவணை வசூலாயிற்று, எத்தனை நிலுவையில் நின்றது? குடையை வாங்கிக்கொண்டு எதிரியின் கப்பலில் ஏறியவர்கள் எவர், எட்டணாவைக் கையில் எடுத்துக்கொண்டு சுதேசிக் கப்பலைத் தேடிப் போனவர்கள் எவர்? இவற்றில் எதற்கும் ஒரு மேடைப் பேச்சாளர் விடை சொல்ல இயலாது. ஒரு பேரேடு சொல்லும். ஒரு வரவுசெலவுக் குறிப்புச் சொல்லும். கொழும்பிலிருந்த மகனுக்குத் தூத்துக்குடியிலிருந்த தகப்பனார் எழுதிய ஒரு கார்டு சொல்லும்.

1908-ஆம் ஆண்டு நடந்தவற்றை விரிக்கவேண்டியதில்லை. பிப்ரவரி மாதக் கடைசியில் ஹார்வி கம்பெனியாரின் நிர்வாகத்திலிருந்த கோரல் ஆலையில் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தார்கள். பிள்ளையவர்களும் அவருடைய தோழர் சுப்பிரமணிய சிவாவும் அவர்கள் பக்கம் நின்றார்கள். மார்ச் 12-ஆம் தேதி இருவரும் சிறைப்பட்டார்கள். மறுநாள் திருநெல்வேலி கொந்தளித்தது. துப்பாக்கிப் பிரயோகத்தில் நான்கு பேர் மாண்டார்கள். ஜூலை 7-ஆம் தேதி நீதிபதி பின்ஹே பிள்ளையவர்களுக்கு இரட்டை ஆயுள் தண்டனை விதித்தார். அப்பீலில் தண்டனை குறைந்ததாயினும், கோயம்புத்தூரிலும் கண்ணனூரிலும் சிறையில் உழன்று 1912 டிசம்பரில்தான் அவர் வெளியே வந்தார்.

நான் உங்களை நிறுத்திக் கேட்க விரும்புவது இதற்குப் பிறகு வருகிற காலத்தைப் பற்றியே. 1908 மார்ச்சிலிருந்து 1911-இல் கம்பெனி கலைக்கப்பட்டதுவரை மூன்று ஆண்டுகள் இருக்கின்றன. அந்த மூன்று ஆண்டுகளில் பிள்ளையவர்கள் கோயம்புத்தூர்ச் சிறையில் செக்கிழுத்ததை நாம் அறிவோம். அவருடைய கைகளிலும் தோளிலும் என்ன நேர்ந்தது என்பதைக்கூட அறிவோம். அதே நாட்களில் தூத்துக்குடியில் கம்பெனியின் நிர்வாகிகள் கூடிய அறையில் என்ன பேசினார்கள் என்பதை நாம் சரிவர அறியவில்லை. அரசியலையும் வியாபாரத்தையும் கலக்கவேண்டாம் என்று நிர்வாகிகளில் சிலர் அவரை முன்பே வற்புறுத்தினார்கள் என்று சொல்லப்படுகிறது. அவர்கள் சொன்ன காரணங்கள் எவை? சிறைப்பட்டவருடைய குடும்பத்துக்குக் கம்பெனி ஏதேனும் உதவிற்றா? எந்தக் கடன்காரர் எப்போது நெருக்கினார்? வெள்ளைக் கம்பெனியாரை எதிர்த்து நடுக்கடலில் போட்டியிட்ட அதே 'காலியா'வை அவர்களுக்கே விற்றுவிடும் முடிவுக்கு நிர்வாகிகள் எந்தக் கூட்டத்தில், எத்தனை பேர் ஆட்சேபிக்க, எத்தனை பேர் வாய்மூடி இருக்க, வந்தார்கள்? நமக்கு இதுவரை கிடைத்திருப்பவற்றில் பெரும்பகுதி கலெக்டரின் அறிக்கைகளும், போலீஸாரின் குறிப்புகளும், நீதிமன்றத் தீர்ப்புகளும், பத்திரிகைச் செய்திகளுமே. நம்மை ஒடுக்க வந்தவன் தன் தேவைக்காக எழுதிவைத்த காகிதங்களைக் கொண்டு நமது கம்பெனியின் சரித்திரத்தை நாம் படிக்கவேண்டியிருக்கிறது. இது எனக்குப் பெரும் மனவேதனையைத் தருகிறது, உங்களுக்கும் தரவேண்டும்.

உங்களில் சிலர் காகிதங்கள் இருந்தும் வெளியே எடுக்கத் தயங்குகிறீர்கள் என்பதை நான் அறிவேன்; அந்தத் தயக்கத்தின் காரணத்தையும் ஓரளவு அறிவேன். கப்பலைப் பகைவனுக்கே விற்ற பங்குதாரர்கள் துரோகிகள் என்று அரை நூற்றாண்டுக்கு மேலாக மேடைகளில் சொல்லக் கேட்டுக் கேட்டு, அந்த வசை தம் குடும்பத்தின்மேல் வந்து விழுமோ என்ற அச்சம் பல வீடுகளில் குடிகொண்டுவிட்டது. ம.பொ. சிவஞானம் அவர்களின் நூலும், 1961-இல் வந்த திரைப்படமும் பிள்ளையவர்களின் தியாகத்தை வீடுதோறும் கொண்டுபோய்ச் சேர்த்தன. அந்தத் தொண்டுக்குத் தமிழுலகம் கடமைப்பட்டிருக்கிறது. ஆயினும் ஒரு தியாகியைச் சுற்றிக் கதை சொல்லும்போது, மற்றவர்கள் எல்லோரும் கோழைகளாகவோ துரோகிகளாகவோ ஓரத்தில் ஒதுக்கப்பட்டுவிடுவது இயல்பு. அந்த ஓரத்தில்தான் உங்கள் பாட்டனார் நின்றுகொண்டிருக்கிறார். அவர் பக்கத்து நியாயத்தைச் சொல்ல ஒருவரும் இல்லை.

நியாயமாக யோசித்துப் பாருங்கள். தலைவர் சிறையில், ஊரில் தண்டப் போலீஸ், கப்பலில் ஏறுகிறவனையும் சரக்கு அனுப்புகிறவனையும் அதிகாரிகள் கண்காணிக்கிறார்கள், கட்டணம் எட்டணா, ஓடினாலும் நஷ்டம், நின்றாலும் நஷ்டம், நங்கூரம் பாய்ச்சி நிற்கும் கப்பலுக்கும் செலவு நாள்தோறும் ஏறிக்கொண்டேயிருக்கும். இந்த நிலையில் மூன்று ஆண்டுகள் அவர்கள் எப்படித் தாக்குப் பிடித்தார்கள் என்பதே எனக்கு வியப்பாயிருக்கிறது. கைவிட்டார்கள் என்று மட்டுமே சொல்லிவந்த நாம், அதற்கு முன் எவ்வளவு காலம் கைவிடாதிருந்தார்கள் என்று கேட்டோமில்லை. விற்றதைச் சரியென்று நான் வாதிக்கவில்லை. அந்தச் செய்தியைச் சிறையிலிருந்த பிள்ளையவர்கள் அறிந்தபோது அடைந்த துயரத்தை எண்ணும்போது, வேறு யாரிடமாவது, வேறு எந்த விலைக்காவது விற்றிருக்கலாகாதா என்றே மனம் தவிக்கிறது. ஆனால் வேறு விலை கேட்டார்களா, வேறு யாராவது வாங்க வந்தார்களா என்பது தெரியாமல் அவர்களைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவதற்கு நமக்கு என்ன உரிமை இருக்கிறது? சாட்சியத்தை மறைப்பதனால் உங்கள் முன்னோர்களை நீங்கள் காப்பாற்றவில்லை. விசாரணையே இன்றி விதிக்கப்பட்ட தண்டனையை நிரந்தரமாக்குகிறீர்கள். காகிதம் அவர்களைக் குற்றமற்றவர்களாகக் காட்டினால் நல்லது. அவர்கள் பயந்தார்கள், தடுமாறினார்கள், சிலர் சுயநலத்தால் கெட்டார்கள் என்று காட்டினாலும், நூறாண்டுக்கு மேல் கழிந்த பின்பு அதற்காக உங்களை நிந்திக்கத் துணிகிறவன் மனிதனல்லன்.

ஒரு துண்டுக் காகிதம் என்ன செய்துவிடும் என்று கேட்கிறீர்களா? தென்னாப்பிரிக்காவிலிருந்த தமிழர்கள், சிறை மீண்டு வறுமையில் வாடிய பிள்ளையவர்களுக்கென்று பணம் திரட்டி, அதைக் காந்தியடிகளிடம் ஒப்படைத்திருந்தார்கள். 1915-லும் 1916-லும் அவ்விருவருக்கும் இடையே நடந்த கடிதப் போக்குவரத்து தப்பிப் பிழைத்திருந்தமையால்தான், அந்தத் தொகை 347 ரூபாய் 12 அணா என்பதும், அது வந்து சேர்வதற்கு எவ்வளவு காலம் சென்றது என்பதும், வறுமையிலும் பிள்ளையவர்கள் எத்தகைய கண்ணியத்தோடு எழுதினார் என்பதும் உலகத்துக்குத் தெரிந்தன. அந்தக் கடிதங்கள் அழிந்திருந்தால், காந்தியடிகள் பணத்தை அனுப்பவேயில்லை என்ற வதந்தி இன்றும் உண்மைபோல் உலாவியிருக்கும். 'வ.உ.சி.யும் காந்தியும்: 347 ரூபாய் 12 அணா' என்ற பெயரிலேயே ஒரு நூலை எழுதிய ஆ.இரா. வேங்கடாசலபதி அவர்கள், பல்லாண்டுகள் ஆவணங்களைத் துருவித் தேடிக் கப்பல் கம்பெனியின் வரலாற்றையும் 2023-இல் ஆங்கிலத்தில் பெருநூலாக வெளியிட்டார். தனி ஒரு சரித்திராசிரியர் செய்யக்கூடியதன் எல்லைவரை அவர் சென்றுவிட்டார் என்றே நான் கருதுகிறேன். அந்த எல்லைக்கு அப்பால் இருக்கிற கதவு உங்கள் வீட்டுக் கதவு. அதை உள்ளேயிருந்து நீங்கள்தான் திறக்கவேண்டும்.

தாமதித்தால் என்ன ஆகும் என்பதைக் கண்ணால் கண்டிருக்கிறேன். துறைமுகத்துக்கு அருகே ஒரு பழைய வீடு; அக்காலத்தில் கொழும்போடு வியாபாரம் செய்த குடும்பம். வீட்டை இடிக்கப் போகிறார்கள் என்று கேள்வியுற்றுப் போனேன். முற்றத்தில் தேக்குமரப் பெட்டி ஒன்று வெறுமையாய்க் கிடந்தது. அதன் அடியில் ஒட்டிக்கொண்டிருந்த ஒரே ஒரு கணக்கேட்டின் சில தாள்களைத்தான் பார்க்க முடிந்தது. தலைப்பில் பிள்ளையார் சுழி. நான்கு மூலையிலும் மஞ்சள் தடவிய கறை. அதன்கீழ் வரவு என்றும் பற்று என்றும் இரண்டு பத்திகள். தொகைகள் எல்லாம் பழைய தமிழ் எண்களிலும், அரைக்கால், மாகாணி என்ற பின்னக் குறிகளிலும் இருந்தன. மற்ற ஏடுகள் எங்கே என்று கேட்டேன். அந்த எழுத்து யாருக்கும் விளங்கவில்லை, கரையான் வேறு ஏறத் தொடங்கிவிட்டது, ஆகையால் பழைய காகிதக்காரரிடம் எடைக்குப் போட்டுவிட்டோம் என்று வீட்டுக்காரர் வெகு மரியாதையாகச் சொன்னார். அவர்மேல் எனக்குக் கோபமில்லை. அந்த ஏடுகளில் கப்பல் கம்பெனியின் பெயர் இருந்ததா என்று இனி எவராலும் சொல்லமுடியாதே என்ற துக்கம் மட்டும் இன்றுவரை ஆறவில்லை.

கொழும்பிலும் இலங்கை மலைநாட்டிலும் வாழும் அன்பர்களுக்கும் தனியே ஒரு வார்த்தை. 'காலியா'வின் சாதாரண வகுப்பில் 1,300 பேருக்கு இடம் இருந்தது என்றேன். தேயிலைத் தோட்டங்களுக்குக் கங்காணியோடு போனவர்களும், கொழும்புப் பேட்டைக் கடைகளில் கணக்கெழுதவும் மூட்டை கட்டவும் போனவர்களும்தான் அந்தக் காலத்தில் அந்த மார்க்கத்தை நிறைத்த ஜனங்கள். அவர்கள் காகிதம் எழுதிவைத்திருக்க மாட்டார்கள்; ஆனால் சொல்லிவைத்திருப்பார்கள். 1914-இல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பலும் ரயிலும் இணைந்த பிறகு தூத்துக்குடி வழியின் பழைய சிறப்புக் குன்றியது; பின்னர் 1964-ஆம் ஆண்டுப் புயலில் தனுஷ்கோடியும் அழிந்தது; 2011-இல் தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்கு மீண்டும் தொடங்கிய பிரயாணிக் கப்பலும் சில மாதங்களில் நின்றுபோயிற்று. வழிகள் இப்படி மாறி மாறி அடைபட்டதில், "எங்கள் பூட்டி சுதேசிக் கப்பலில் வந்தாள்" என்று சொல்லத்தக்க குடும்பங்கள் தங்கள் கதைக்குக் கேட்பார் இல்லாமல் இருந்துவிட்டன. உங்கள் வீட்டு முதியவர்கள் சொன்ன பெயர், சொன்ன கட்டணம், கடலில் கண்டது, கரையில் பட்டது, எதுவாயினும் அவர்கள் சொன்னபடியே எழுதி வையுங்கள். திருத்த வேண்டாம், அழகுபடுத்த வேண்டாம்.

ஆகவே, நான் உங்களைக் கேட்டுக்கொள்வது இதுதான். அடுத்து வரும் விடுமுறையில், வீட்டார் எல்லோரும் கூடியிருக்கும் ஒரு நாளில், பரணையும் பெட்டியையும் பூஜை அறை அலமாரியையும் திறந்து பாருங்கள். பங்குப் பத்திரம் கிடைத்தால் அதன் அருமை உங்களுக்கே தெரியும். அதைக் கண்ணாடிச் சட்டத்தில் மாட்டிவிட்டு மற்றவற்றைக் கழித்துவிடாதீர்கள். பங்குப் பணத்துக்குத் தவணை கேட்டு வந்த கடிதம், கூட்டத்துக்கு அழைத்த அறிவிப்பு, சரக்குச் சீட்டு, பிரயாணச் சீட்டு, கடைக் கணக்கில் 'கப்பல் கம்பெனி வகைக்கு' என்று எழுதிய ஒரு வரி, ஒரு பாட்டனார் மற்றொரு பாட்டனாரைத் திட்டி எழுதிய கடிதம், இவையெல்லாம் பத்திரத்தைவிட அதிகம் பேசக்கூடியவை. கட்டிய கட்டைப் பிரித்துத் தாள்களை இடம் மாற்றாதீர்கள்; கிழிந்த இடத்தில் பசைநாடா ஒட்டாதீர்கள்; லாமினேஷன் செய்யவே செய்யாதீர்கள். தாள் தாளாகப் படம் எடுத்து, இன்னாருடையது, இன்ன ஊரில் இருந்தது, எங்களுக்கு இன்ன உறவு என்று ஒரு குறிப்பும் எழுதிச் சேர்த்து வையுங்கள். எழுத்து விளங்கவில்லையென்றால் அதற்காக எறிந்துவிடாதீர்கள். பழைய எண்களைப் படிக்கத் தெரிந்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

மூலத்தைக் கொடுங்கள் என்று நான் கேட்கவில்லை; அது உங்கள் குடும்பச் சொத்து. அதன் நகல் ஒன்றைப் பொதுவிடத்தில் சேர்க்க மனம் வையுங்கள். கோட்டையூரில் ரோஜா முத்தையா செட்டியார் என்ற ஒரு தனிமனிதர், நோட்டீசும் கல்யாணப் பத்திரிகையும்கூட வீணல்ல என்று கருதித் தம் வாழ்நாள் முழுவதும் சேர்த்துவைத்ததே இன்று சென்னையில் அவர் பெயரால் ஆராய்ச்சி நூலகமாக நிற்கிறது, அங்கே கேளுங்கள். எழும்பூரில் தமிழ்நாடு அரசின் ஆவணக் காப்பகம் இருக்கிறது. தூத்துக்குடியில் பிள்ளையவர்களின் பெயர் தாங்கிய கல்லூரியும், மதுரையில் பாண்டித்துரைத் தேவர் நிறுவிய சங்கமும் இருக்கின்றன. இவற்றில் எது உங்களுக்கு அணுக எளிதோ, எங்கே உங்களுக்கு நம்பிக்கையோ, அங்கே கொடுங்கள். உங்கள் பெயர் வெளிவரக்கூடாது என்று நிபந்தனை விதிக்கவேண்டுமானால் எழுத்து மூலமாகவே விதியுங்கள். இந்த ஸ்தாபனங்களை நடத்துகிறவர்களும் இந்த மடலைப் படிப்பார்களானால், சுதேசிக் கம்பெனியின் காகிதங்கள் என்று ஒரு தனித் தொகுப்பை ஏற்படுத்தி, வருகிறவர்களைப் படிவங்களாலும் அலைக்கழிப்பினாலும் சோர்வடையச் செய்யாமல் வரவேற்கவேண்டும் என்று அவர்களையும் வேண்டிக்கொள்கிறேன்.

உங்களில் எவரேனும் ஒருவர் முன்வந்தால் மற்றவர்களுடைய கூச்சம் தானே நீங்கும். ஆகையால், பெட்டியில் இருப்பது இன்னதென்று ஏற்கெனவே அறிந்தும் பேசாதிருக்கும் அந்தச் சில குடும்பத்தார் முதலில் வரவேண்டுமென்று கைகூப்பிக் கேட்டுக்கொள்கிறேன்.

இங்ஙனம்,
உங்கள் முன்னோர்களை மறவாத அன்பன்.